முத்தனின் அழுகை

கிட்ட வாருங்கள் கண்ணுகளா. போனை எல்லாம் கவிழ்த்து வைத்துவிட்டு இப்படி என் முழங்காலோரம் நகர்ந்து உட்காருங்கள். ஒரு கதை தருகிறேன். கேட்டு முடித்ததும் வாய் கொப்பளிக்கத் தோன்றும். தோன்றினால் கொப்பளித்துக் கொள்ளுங்கள், தப்பில்லை. ஓர் அழுகையை எடுத்து விற்கப் பார்த்தவர்களின் கதை இது.

ஜெர்சி சிட்டியில், ஜர்னல் ஸ்கொயர் ரயில் நிலையத்தை ஒட்டிய அடுக்குமாடியில் மரகதம் குடியிருந்தாள். கோபிச்செட்டிபாளையத்துப் பெண். அவள் வீட்டுக்காரன் நஞ்சுண்டன் ஒரு வங்கியில் கம்ப்யூட்டர் வேலை பார்த்தான். வங்கி அவனை நேராக வேலைக்கு எடுக்கவில்லை. ஜம்புநாதன் என்பவரின் கம்பெனிதான் அவனை அங்கே அனுப்பியிருந்தது. கிரீன் கார்டுக்கு விண்ணப்பம் போட்டதும் ஜம்புநாதன்தான். இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

மரகதம் இங்கே வருவதற்கு முன் சென்னையில் டப்பிங் பேசியவள். இத்தாலியில் எடுத்த ஒரு கார்ட்டூன் தொடர். அதில் ஒரு குட்டிக் கழுதை. இத்தாலியில் அதன் பெயர் நீனோ, தமிழில் முத்தன். ஒன்பது வருடம் முத்தனுக்கு மரகதம்தான் குரல். தெருவில் போகிற பிள்ளைகள் முத்தன் மாதிரியே "அட போங்கப்பா" என்று இழுத்துச் சொல்வார்கள். சொல்லிக் கொடுத்தவள் பக்கத்திலேயே காய்கறிப் பையோடு நடந்து போவாள்; யாருக்கும் தெரியாது.

அந்த வேலை எப்படி என்றால், காதில் ஹெட்போன் மாட்டிக்கொள்ள வேண்டும். அதில் இத்தாலிக்காரியின் குரல் ஓடும். அவள் மூச்சு இழுக்கும் இடத்தில் மரகதமும் இழுக்க வேண்டும், அவள் நிறுத்தும் இடத்தில் நிறுத்த வேண்டும். வசனத்தை மட்டும் தமிழில் பேசிவிட்டால் போதும். அழுகை, சிரிப்பு, விக்கல், பெருமூச்சு எல்லாம் அந்த இத்தாலிக்காரியுடையதே தங்கிவிடும். "அழுகைக்கு என்ன மொழி, அப்படியே விடுங்க மேடம், டைம் இல்ல" என்பார் ஒலிப்பதிவுக்காரர். ஆக, தமிழ்நாட்டில் முத்தன் பேசியது மரகதம், அழுதது ஒர்னெல்லா. படம் முடிந்ததும் ஓடும் பெயர்ப் பட்டியலில் மரகதம் அந்தப் பெயரைப் படித்திருந்தாள். முகம் பார்த்ததில்லை.

ஒர்னெல்லா அந்தக் கழுதைக்கு இருபத்தாறு வருடம் குரல் கொடுத்தவள். மரகதம் அதை ஒன்பது வருடத்தில் கேட்டு முடித்தாள். பாருங்களேன், ஒரு பெண்ணுக்கு வயதாவதைக் காதாலேயே பார்த்திருக்கிறாள். நடுவில் ஒரு வருடம் தொண்டையில் ஒரு கரகரப்பு வந்தது. பிறகு மூச்சு குட்டையாகிப் போனது. முத்தனைச் சந்தையில் விற்கும் அத்தியாயத்தில் ஓர் அழுகை. அதைக் கேட்டதும் மரகதம் ஹெட்போனைக் கழற்றிக் கீழே வைத்துவிட்டாள். அடுத்த அத்தியாயத்திலிருந்து வேறு ஒரு சின்னப் பெண்ணின் குரல். 'செத்துப் போயிட்டாங்களோ?' என்று மரகதம் பல நாள் நினைத்திருக்கிறாள். யாரைப் போய்க் கேட்பது?

சரி, ஜெர்சி சிட்டிக்கு வருவோம். ஜம்புநாதன் ஒருநாள் வீட்டுக்கு வந்தார்.

"மேடம், நீங்கதான் முத்தன்னு நஞ்சுண்டன் இப்பத்தான் சொன்னான். இவ்ளோ நாளா மறைச்சு வச்சிருக்கீங்களே! நம்ம பசங்களுக்கு ஒரு தமிழ் ஆப் பண்றேன். முத்தன் முதுகுல எழுத்து மூட்டை. அ, ஆ சொல்லிக்கிட்டே போவான். ஒரு பத்து நாள் டைம் குடுத்தா போதும். தமிழுக்குப் பண்ற சேவை."

வேலைக்குப் போக அனுமதி இல்லாத விசாவில் ஆறு வருடம் வீட்டிலேயே கிடந்தவள். யாரோ தன் குரலைக் கேட்டு வந்ததே அவளுக்குப் பண்டிகை. குளிர்காலக் கோட்டுகள் தொங்கும் அலமாரிக்குள் உட்கார்ந்து, ஒரு ரயிலுக்கும் அடுத்த ரயிலுக்கும் நடுவே கிடைக்கும் அமைதியில் எழுத்து எழுத்தாகப் பேசிக் கொடுத்தாள். எந்தக் காகிதத்திலும் கையெழுத்துப் போடவில்லை. நம்ம ஆளிடம் காகிதம் கேட்பது மரியாதையா? இவளும் கேட்கவில்லை, அவரும் நீட்டவில்லை.

ஒரு சனிக்கிழமை மதியம் மரகதம் ரசத்துக்குத் தாளித்துக்கொண்டு இருந்தாள். ஹாலிலிருந்து ஓர் அழுகை கேட்டது. கரண்டி கையிலேயே நின்றுவிட்டது. சந்தை அழுகை! மறுபடியும் அதே அழுகை. மறுபடியும். இடையில் கலகலவென்று சிரிப்பு.

அவள் மகள் தீக்ஷாவுக்கு ஏழு வயது. சோபாவில் குப்புறப் படுத்து ஐபேடில் விரலால் அடித்துக்கொண்டு இருந்தாள். திரையில் முத்தன் மூட்டை சுமந்து நின்றான். கீழே ஒரு சாட்டை. எழுத்தைச் சரியாகச் சொன்னால் சாட்டை பிள்ளையின் கைக்கு வரும். அடித்தால் முத்தன் அழுவான். பலமாக அடித்தால் பலமாக அழுவான், வேகமாக ஓடுவான், நட்சத்திரம் கொட்டும்.

சீ! எழுத்துச் சொல்லிக் கொடுக்கிற லட்சணத்தைப் பார்த்தீர்களா? 'அ' சொன்னால் ஓர் அடி, 'ஆ' சொன்னால் ஓர் அடி.

"தீக்ஷா, அடிக்காத கண்ணு."

"அம்மா, இட்ஸ் ஜஸ்ட் அ டாங்கி! கேளு, சோ ஃபன்னி" என்று சொல்லி இன்னொன்று வைத்தாள். பெற்ற பிள்ளையின் முகத்தைப் பார்க்க அந்த நிமிடம் மரகதத்துக்குக் கூசியது. அடுப்பில் தாளிப்பு கருகிய நாற்றம் வேறு.

அன்று சாயங்காலமே ஜம்புநாதனும் அவர் மனைவி ஷ்யாமளாவும் தட்டோடு வந்தார்கள். தட்டில் பழம், வெற்றிலைபாக்கு, பட்டுப்புடவை, வெள்ளிக் கிண்ணம். புடவைக்கு அடியில் ஒரு காகிதம்.

"ஒரு பெரிய கம்பெனி நம்ம ஆப்பை வாங்கறேன்னு வந்திருக்கான் மேடம். ஒரே ஒரு டிக்ளரேஷன் கேக்கறான். இதுல உள்ள குரல், சிரிப்பு, அழுகை எல்லாம் என்னோடதுன்னு நீங்க சைன் பண்ணணும். அடுத்த சனிக்கிழமை பொங்கல் விழா, ஸ்டேஜ்லயே பண்ணிடுவோம்."

"அந்த அழுகை என்னோடது இல்லீங்களே. அது எப்படிங்க உங்ககிட்ட வந்துச்சு?"

"சென்னைல தெரிஞ்சவன் ஒருத்தன் பழைய ஃபைல் எல்லாம் குடுத்தான்." போண்டாவைக் கடித்தபடியே மற்ற கையால் போனைத் தட்டினார். முத்தன் அழுதான். அவர் மென்றார். மறுபடி தட்டினார். "இந்த அழுகை இருக்கு பாருங்க... ஏ ஒன்! பசங்க இதுக்குத்தான் திரும்பத் திரும்ப வராங்க. டேட்டாவே சொல்லுது." எண்ணெய் விரலைத் தட்டிலிருந்த வெற்றிலையில் துடைத்தார். வெற்றிலையில்!

அவர்கள் போன பிறகு நஞ்சுண்டன் கதவைச் சாத்திவிட்டு வந்தான்.

"கையெழுத்துத்தான மரகதம். போட்டுட்டுப் போ."

"பொய்யிங்க அது."

"நம்ம ஃபைல் அந்தாளு கையில கெடக்குது புள்ள. அஞ்சு வருசமா வரிசையில நிக்கறோம். அந்தாளு நிறுத்திப்போட்டான்னா மொதல்ல இருந்து நிக்கோணும். இத்தாலியில இருக்கறவங்களுக்கு இது தெரியவா போகுது?"

"எனக்குத் தெரியுமுங்களே."

அவன் மேலும் தப்புச் சொல்ல முடியுமா கண்ணுகளா? பயந்தவன் பேச்சு அப்படித்தான் இருக்கும்.

மறுநாள் மரகதம் இணையத்தில் ஒர்னெல்லாவைத் தேடினாள். நீனோவைப் பார்த்து வளர்ந்தவர்கள் ஒரு பக்கம் வைத்திருந்தார்கள். 'இவர் உயிரோடு இருக்கிறாரா?' என்று கேட்டு எழுதினாள். 'எழுபத்து நாலு வயது, நலம்' என்று மின்னஞ்சல் முகவரி கொடுத்தார்கள். போனிலேயே மொழிபெயர்த்து, நடந்ததை ஒன்றுவிடாமல் எழுதி, அந்தச் சாட்டை விளையாட்டையும் படம் பிடித்து அனுப்பினாள்.

மூன்றாம் நாள் குரலாகவே பதில் வந்தது. இத்தாலிய மொழி ஒரு சொல்கூட மரகதத்துக்குத் தெரியாது. ஆனால் அந்த முதல் மூச்சு இழுப்பைக் கேட்டதுமே, பழக்க தோஷம், இவளும் மூச்சை இழுத்துவிட்டாள். பேசியதைப் பிறகுதான் எழுத்தாக மாற்றிப் படித்தாள்.

'மகளே, எலி, அநாதைப் பையன், இளவரசியின் குதிரை என்று நாற்பது வருடம் பேசினேன். ரொட்டிக் கடையில் நான் வாய் திறந்தால் பின்னால் நிற்கும் பிள்ளைகள் துள்ளித் திரும்புவார்கள். என் முகத்தைக் கண்டதும் முகம் சுளிப்பார்கள். அதற்குப் பழகிவிட்டேன். சந்தை அழுகை எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. அன்று காலை ஸ்டுடியோவில் ஒரு சின்னப் பெண் என் கோப்பையில் காபி குடித்துக்கொண்டு இருந்தாள். அடுத்த வாரத்திலிருந்து இவள்தான் நீனோ, உங்களுக்கு வயதாகிவிட்டது என்றார்கள். இன்றைக்கு மட்டும் முடித்துக் கொடுங்கள் என்றார்கள். ஒரே தடவையில் முடித்தேன். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் கை தட்டினார்கள். இவ்வளவு நன்றாக நீங்கள் அழுததே இல்லை என்றார்கள். அந்தக் கைதட்டலை நினைத்தால் எனக்கு இன்றும் குமட்டும். இப்போது அதற்குச் சாட்டையும் கொடுத்திருக்கிறார்களா? வேண்டாம். என் அழுகையை யாருக்கும் கொடுக்க எனக்குச் சம்மதம் இல்லை.'

பொங்கல் விழா ஒரு பள்ளிக்கூடத்துச் சாப்பாட்டுக் கூடத்தில் நடந்தது. அலுமினியத் தட்டுகளில் சர்க்கரைப் பொங்கல், புளியோதரை. மேடையில் மாக்கோலம் அச்சிட்ட பிளாஸ்டிக் விரிப்பு. ஷ்யாமளா மரகதத்தின் தோளில் பட்டுப்புடவையைப் போர்த்தினாள். ஜம்புநாதன் மைக்கைப் பிடித்தார்.

"குட்டீஸ், இவங்கதான் நம்ம முத்தன்! மேடம், சைன் பண்றதுக்கு முன்னாடி பசங்களுக்காக ஒரு தடவை லைவா அழுது காட்டுங்க!"

பிள்ளைகள் "அழு! அழு!" என்று மேசையைத் தட்டினார்கள். பெற்றவர்கள் போனைத் தூக்கிப் பிடித்தார்கள். மரகதம் மைக்கை வாங்கினாள்.

"அழுதது நான் இல்லீங்க. நான் பேசுனது மட்டும்தான். அழுதது ஒர்னெல்லான்னு ஒருத்தங்க. இத்தாலியில இருக்கறாங்க. கேட்டேன். வேண்டாம்னு சொல்லிட்டாங்க. என்னால கையெழுத்துப் போட முடியாதுங்க."

"பாருங்க, என்ன ஒரு தன்னடக்கம்!" என்று ஜம்புநாதன் சிரித்தார்.

"இத்தாலிக்காரி அழுதா என்ன, இடையபட்டிக்காரி அழுதா என்ன? எல்லாம் கண்ணீர்தானே சார்!" என்றார் பின் வரிசையில் ஒருவர். கூடமே சிரித்தது.

"நம்ம பசங்க தமிழ் கத்துக்கறது உங்களுக்குப் பிடிக்கலையா?" என்று ஓர் அம்மாள் எழுந்தே நின்று கேட்டாள். அவள் மடியிலிருந்து இறங்கிய பையன் அவள் போனில் முத்தனை அடித்துக்கொண்டு இருந்தான்.

மரகதம் வாயை இறுக மூடிக்கொண்டாள். ஜம்புநாதன் ஒலிபெருக்கியில் அழுகையைப் போட்டுவிட்டார். வாய் மூடி நிற்கிறவள் தலைக்கு மேலே அந்த அழுகை ஓடியது. கூடம் கை தட்டியது. கடல் தாண்டி இன்னொரு தடவை, அதே கைதட்டல். மரகதம் புடவையை மடித்து மேடை மேசையில் வைத்தாள்.

ஜம்புநாதன் மைக்கை அணைத்துவிட்டு, புன்னகை கலையாமல் நஞ்சுண்டன் பக்கம் குனிந்தார். "வீட்டுல கொஞ்சம் எடுத்துச் சொல்லுப்பா. உன் ஃபைல் என் டேபிள்லதான் இருக்கு, பார்த்துக்கோ."

நஞ்சுண்டன் அவரைப் பார்த்தான். அவர் உதட்டோரம் சர்க்கரைப் பொங்கல் ஒட்டியிருந்தது. அதையே கொஞ்ச நேரம் பார்த்தான். பிறகு நாற்காலியிலிருந்து கோட்டை எடுத்தான்.

"தீக்ஷா, கோட்டப் போடு சாமி. மரகதம், வா போலாம்."

"ஐ டிட்ன்ட் ஈட்!" என்றாள் தீக்ஷா.

"ஊட்ல ரசம் இருக்குது. போலாம்."

இதற்குப் பிறகு நல்லது நடந்ததா என்று கேட்பீர்கள். கையெழுத்து இல்லாததால் அந்தப் பெரிய கம்பெனி விலகிக்கொண்டது. ஜம்புநாதன் சந்தை அழுகையை எடுத்துவிட்டு, இயந்திரம் செய்த வேறு ஓர் அழுகையை வைத்தார். சாட்டை அப்படியேதான் இருக்கிறது. பிள்ளைகள் யாரும் வித்தியாசம் கண்டுபிடிக்கவில்லை; பெரியவர்களும்தான். நஞ்சுண்டனின் ஃபைல் நின்றது. அவன் வேறு வேலை தேடி, டெக்சாஸில் பேர்லேண்ட் பக்கம் குடும்பத்தோடு போய், வரிசையில் மறுபடி கடைசியில் நிற்கிறான். ஜெர்சி சிட்டியில் அவர்கள் பெயரை எடுத்தால், 'தமிழுக்கு எதிரானவங்க' என்று இன்னும் சொல்கிறார்கள். வாய் அழுகாதோ!

மரகதம் ஐபேடிலிருந்து அந்த ஆப்பை அழித்ததில், தீக்ஷா தன் இருநூற்றுப் பன்னிரண்டு நட்சத்திரம் போய்விட்டதென்று ஒரு மாதம் முகத்தைத் தூக்கி வைத்திருந்தாள். ஒருநாள் இத்தாலியிலிருந்து இன்னொரு குரல் வந்தது. பேச்சு இல்லை. எழுபத்து நாலு வயதுத் தொண்டையிலிருந்து குட்டிக் கழுதை சிரிக்கிறது, மூச்சு வாங்கி, நிறுத்தி, மறுபடி சிரிக்கிறது. தீக்ஷா ஓடி வந்து, "யாரும்மா?" என்றாள். கேட்டுவிட்டு அவளும் சிரித்தாள். மரகதம் மகளின் சிரிப்பைப் பதிந்து ஒர்னெல்லாவுக்குத் திருப்பி அனுப்பினாள். 'இது எங்கள் வீட்டுச் சிரிப்பு' என்று கீழே எழுதித் தன் கையெழுத்தைப் போட்டாள்.

எழுந்திருக்காதீர்கள், இன்னும் ஒரு வார்த்தை. உங்கள் வீட்டில் யார் அழுதாலும் கை தட்ட ஆள் இல்லாமல் போகட்டும். பக்கத்தில் உட்கார ஓர் ஆள் இருக்கட்டும். உங்கள் அடுப்பு அணையாமல், உங்கள் பிள்ளைகளின் கை சாட்டை பிடிக்காமல், உங்கள் குரல் உங்கள் தொண்டையிலேயே நூறு வருடம் நிலைத்து, வீடு நிறைந்து வாழுங்கள் கண்ணுகளா.