முறைத் தண்ணீர்

டிரம்முக்குள் தலையை விட்டுக் குவளையால் சுரண்டிப் பார்த்தாள். அடியில் தங்கியிருந்த கலங்கல்தான் வந்தது. ஊருக்கெல்லாம் தண்ணீர் திறந்துவிட்ட புருஷன் உயிர் போய்க் கூடத்தில் கிடக்கிறார். அவரைக் குளிப்பாட்ட வீட்டில் ஒரு குடம் இல்லை. ஆஸ்பத்திரிக்கும் வீட்டுக்கும் அலைந்த அலைச்சலில் போன முறை தண்ணீர் பிடிக்க மறந்துபோயிருந்தாள். பக்கத்து வீடுகளிலிருந்து வந்த குடங்கள், வந்தவர்கள் குடிக்கவே சரியாகிவிட்டன. தெருவுக்கு முறை சாயங்காலம்தான்.

"முறை" என்றுதான் அவருக்குத் தெருவில் பட்டப்பெயர். குடிநீர் வாரியத்தில் வால்வு திறப்பவர். யார் என்ன கேட்டாலும், "முறை வரட்டும்" என்பார். பெண்டாட்டிக்கு வலி எடுத்தபோதுகூட முறை வரட்டும் என்றுதான் சொன்னாராம் என்று அக்கம்பக்கத்தில் கேலி செய்வார்கள்.

அந்த முறைதான் அவர் வேலைக்கு உலை வைத்தது. புதிதாக வந்த ஓட்டல் ஒன்றுக்கு முறை தப்பித் திறந்துவிடச் சொல்லி, நடுத்தெருவில் வைத்து வாய்மொழியாக உத்தரவு போட்டார் இன்ஜினீயர். இவர் மாட்டேன் என்றார். சில நாட்களில் கண்காணாத ஊருக்கு மாற்றல் வந்தது. 'நிர்வாகக் காரணம்' என்று போட்டிருந்தார்கள். இவர் அந்த ஊருக்குப் போகாமல் கோர்ட்டுக்குப் போனார். போய்ச் சேரவில்லை என்று வேலையை விட்டே நீக்கினார்கள். மாற்றலுக்கு ஒரு கேஸ், நீக்கத்துக்கு ஒரு கேஸ் என்று ஆயிற்று. தையல் மெஷினை மிதித்துக் குடும்பத்தை அவள் ஓட்டினாள்.

"ஒரு திருப்பு திருப்பித் தொலைச்சிருந்தா என்ன குடியா முழுகியிருக்கும்?" என்று எத்தனையோ தடவை கத்தியிருக்கிறாள்.

"எனக்கு ஒரு திருப்புதான். கடைசித் தெருக்காரனுக்கு அன்னைக்குத் தண்ணியே கிடையாது" என்பார்.

இன்ஜினீயர் தான் அப்படிச் சொல்லவேயில்லை என்று சாதித்தார். அன்று கூட நின்றது நெட்டையன் ஒருவன்தான், இவரோடு வால்வு திறக்கிற வேலை பார்த்தவன். "வண்டிச் சத்தத்துல ஒண்ணும் கேக்கல சார்" என்று விசாரணையில் சொல்லிவிட்டான். அதற்குப் பிறகு இந்த வாசலை மிதித்ததில்லை.

இப்போது வந்து நிற்கிறான். தோளில் வால்வு திருப்பும் நீள இரும்புச் சாவி.

"அண்ணி, தண்ணி இல்லைன்னு சொன்னாங்க. தெருமுனைக்குப் போறேன். ஒரே ஒரு திருப்பு. அண்ணனுக்காக."

"புண்ணியமாப் போகும்பா, ஓடு" என்றான் அவள் தம்பி. "இருட்டறதுக்குள்ள எடுக்கணும்."

அவளும் சரியென்று சொல்லத்தான் வாயெடுத்தாள். பார்வை கூடத்துப் பக்கம் போயிற்று. கட்டியிருந்த தாடையோடு அவர் கிடந்தார். அழுகைக்கு முன்னால் கோபம்தான் வந்தது. உயிரோடு இருந்தவரை என்னை மசிய வைக்க முடியவில்லை, செத்துப்போய் உன் கட்சிக்கு இழுக்கிறாயே.

"நில்லுப்பா. திறக்காதே."

"யாரு கேட்டாலும் நான் பாத்துக்கறேன் அண்ணி."

"என்னத்தைப் பாத்துப்ப? அதே ஆபீசு, அதே ஆளுங்க. நாளைக்கே உன் கையில ஒரு மாத்தல் ஆர்டரைக் குடுப்பான். அப்புறம் உன் பொண்டாட்டி வக்கீல் வாசல்ல உக்காரணும். நான் தேய்ச்ச செருப்பு போதும்."

"ஒரு நாள்தானே அக்கா" என்றான் தம்பி.

"முறை தப்பி ஒரு சொட்டு இந்த வீட்டுக்கு வந்ததில்லடா. அதை மேல ஊத்தினா எந்திரிச்சு உக்காந்து என்னைத் திட்டுவாரு."

யாரோ சிரித்துவிட்டு வாயைப் பொத்திக்கொண்டார்கள்.

காலையில் வக்கீல் போன் செய்திருந்தார். கேஸ் அவரோடு போய்விடாது, வாரிசாக அவளே சேர்ந்து நடத்தலாம் என்றார். எனக்கெதுக்கு சார் அந்தச் சனியன் என்று சொல்லி வைத்துவிட்டாள்.

"அவருக்கு ஏதாவது செய்யணும்னா தண்ணி வேணாம்" என்றாள், குரலை இறக்கி. "கேஸை நான் விடப் போறதில்ல. அன்னைக்கு உன் காதுல விழுந்ததைக் கோர்ட்டுக்கு வந்து சொல்லு."

நெட்டையன் திரும்பிப் போகவில்லை. சாவியைச் சுவரில் சாய்த்துவிட்டு வாசல் குழாயடியில் குந்தினான். தம்பி வானத்தையும் வாசலையும் மாறி மாறிப் பார்த்து முணுமுணுத்தான். அழுது ஓய்ந்த பெண்கள் அப்படியே சுவரோரம் கண்ணயர்ந்தார்கள். வெயில் மெல்ல எதிர்வீட்டு மாடிக்கு ஏறியது.

குழாய் புஸ்ஸென்று காற்றைத் துப்பியது. அவள் குடத்தோடு எழுந்து வந்தாள்.

"அடுத்த வாய்தா என்னைக்கு அண்ணி?" நெட்டையன் தரையைப் பார்த்துக்கொண்டே கேட்டான்.

"வர்ற மாசம்." குடத்தை வைக்கக் குனிந்தாள்.

"இருங்க, வைக்காதீங்க" என்றான். "மொதல்ல கலங்கலாத்தான் வரும்."

அவள் குடத்தை இடுப்பிலேயே வைத்துக்கொண்டாள். தண்ணீர் செம்மண் நிறத்தில் சாக்கடைக்கு ஓடியது. தெளியட்டும் என்று இருவரும் நின்றார்கள்.