ஹேவோன் அனுப்பாத இரண்டாவது வீடியோ

1

இந்தக் கதை எனக்கு ஓசியில் கிடைத்தது. பாரிஸில் தமிழ்க் கடைகள் நிறைந்த லா ஷப்பெலில் கஜனுடைய ஸ்டூடியோவுக்கு அடையாள அட்டைக்குப் படம் எடுக்கப் போயிருந்தேன். தலையை நிமிர்த்துங்கோ, சிரிக்காதேங்கோ என்று சொல்லிக்கொண்டே கஜனின் மனைவி நிரோஜினி, மேல்மாடியில் குடியிருக்கும் கொரிய நடிகையின் விஷயத்தையும் சொல்லிவிட்டாள். வாயைப் பிளந்துகொண்டு கேட்டதில் படம் கெட்டுப்போனது. மறுபடி எடுக்கப் போனேன், மீதியையும் கேட்டேன்.

நான் புதுச்சேரிக்காரி, பெயர் மர்கரீத். வேலையிலிருந்து ஓய்வு பெற்றபின் கதை எழுதும் பழக்கம் தொற்றிக்கொண்டது. கொரியாவைப் பற்றி எனக்குத் தெரிந்ததெல்லாம் என் மகள் ஆரெலி பார்க்கும் தொடர்கள்தான். அதிலும் பாதியில் தூங்கிவிடுவேன். இந்த லட்சணத்தில் ஒரு கொரிய நடிகையின் மனதுக்குள் புகுந்து எழுதப்போகிறேன். பொறுத்துக்கொள்ளுங்கள்.

2

தொடக்கம் ஒன்று: "ரூ து ஃபொபூர் சேன்-தெனியில் அன்று காலையிலேயே மழை பிடித்துக்கொண்டது."

அவர்கள் கடை இருக்கும் தெரு அது. நிரோஜினி இதைப் படித்துவிட்டு, "எங்கை அக்கா மழை? அண்டைக்கு வெய்யில் கொளுத்தினது. கடைக்குள்ளை இருக்கேலாமல் கதவைத் திறந்து வைச்சிருந்தனாங்கள்," என்றாள். அடித்துவிட்டேன்.

தொடக்கம் இரண்டு: "சியோல் நகரத்து மேடைகளின் முடிசூடா ராணியாகத் திகழ்ந்த ஹேவோன்" — ராணியாவது ஒன்றாவது. நிலவறையில் நாற்காலி போட்டு நடத்தும் சின்ன அரங்குகளில் நடித்தவள். பல நாள் மேடையில் இருந்தவர்கள் எதிரே இருந்தவர்களைவிட அதிகம்.

தொடக்கம் மூன்று, அடிக்காமல் விட்டது:

ஹேவோனுக்கு முப்பத்தெட்டு வயது. அதில் பாதி நாடகத்திலேயே போயிற்று. ஒரு நாடகக் குழுவோடு பாரிஸுக்கு வந்தவள், குழு திரும்பியபோது தான் மட்டும் தங்கிவிட்டாள். சினிமாவில் நடிக்க வேண்டும். அந்த வயதில் ஒரு புதுமுகத்துக்குச் சியோலில் யாரும் கதவு திறக்க மாட்டார்கள் என்று அவள் நம்பினாள். இங்கே மட்டும் திறப்பார்களா? தெரியாது. ஆனால் சின்னஞ்சிறு மகள் ஜியுவைத் தன் கணவனிடம் விட்டுவிட்டு, "அம்மா ஒரு படத்தில் நடித்துவிட்டு வந்துவிடுவேன்" என்று சொல்லி வந்திருந்தாள். இரண்டு வருஷமாகிவிட்டது. படம்தான் வரவில்லை.

வந்ததெல்லாம் நகம் பூசும் கடைக்காரி, பெயரில்லாத பக்கத்து வீட்டுச் சீனப் பெண் என்று துண்டு வேஷங்கள். கடைசியில் ஒரு பிரெஞ்சுப் படத்தில் நல்ல பாத்திரம் ஒன்று தட்டுப்பட்டது. மருத்துவமனை நடைவழியில் மகனுக்காகக் காத்திருக்கும் தாய். படம் முழுக்க வருவாள். ஒரு காட்சியை நடித்து வீடியோ அனுப்பச் சொன்னார்கள். இது கிடைக்காவிட்டால், மகளை விட்டுவிட்டு வந்ததற்கு ஒரு காரணமும் மிஞ்சாது. இந்த ஒரு வரியை மட்டும் நான் எந்தப் பிரதியிலும் மாற்றவில்லை.

3

தன் போனில் தானே எடுத்துப் பார்த்தாள். குரல் கூரையை முட்டியது. முகம் கடைசி வரிசைக்காரனுக்காக விரிந்து கிடந்தது. வெறுத்துப்போய்க் கீழே இறங்கி வந்தவளுக்கு, கஜனின் கண்ணாடி ஜன்னலில் சாமத்தியவீட்டுப் படங்கள் (எங்கள் ஊரில் மஞ்சள் நீராட்டு) தெரிந்தன. பெரியபிள்ளையான ஒவ்வொரு பெண்ணும் ஒரு ராட்சதத் தாமரைக்குள் உட்கார்ந்திருந்தாள். இவரிடம் கமரா இருக்கிறது என்பது புரிந்தது. உள்ளே போய்க் கேட்டாள்.

(இவர்கள் பேசிக்கொண்டது பிரெஞ்சில். நான் கஜனையும் நிரோஜினியையும் அவர்கள் இலங்கைத் தமிழிலேயே பேசவிடுகிறேன். ஹேவோன் பிரெஞ்சைப் புத்தகம் வைத்துப் படித்தவள். ஆகவே அவளுக்குப் புத்தகத் தமிழ்.)

கஜனுக்குக் கலியாணவீடும் சாமத்தியவீடும்தான் தொழில். பாரிஸுக்கு வெளியே, கார்ஜ் லே கொனெஸ் பக்கத்து மண்டபமெல்லாம் அத்துப்படி. அவருக்கு ஒரு பழக்கம் உண்டு. ஆட்கள் வந்து சேருமுன் கமராவை ஓடவிட்டால், பந்தி முடிந்து மேசை துடைக்கும்வரை நிறுத்த மாட்டார். "தாலி கட்டினாப் பிறகு, அண்ணை, வடிவா வரேல்லை, இன்னொருக்காக் கட்டுங்கோ எண்டு சொல்லேலுமே?" என்பார்.

பொன் கைப்பிடி வைத்த மணமக்கள் ஆசனத்தை ஓரமாகத் தள்ளிவிட்டு, சாதாரண நாற்காலி ஒன்றைப் போட்டார்கள். கமராவுக்குப் பின்னால் நின்று, காட்சியில் வரும் டாக்டரின் வசனத்தை நிரோஜினி வாசித்தாள். ஹேவோன் நடித்தாள். மறுபடி நடித்தாள். மறுபடி.

"முதல் தரம் எனக்கு அழுகை வந்திட்டுது அக்கா," என்றாள் நிரோஜினி. "மூண்டாந்தரம் பயம் வந்தது. அதே சொல்லிலை, அதே கண்ணிலை இருந்து கண்ணீர் விழுது. குழாயைத் திறந்த மாதிரி."

மேடைக்காரர்களுக்கு அது வித்தை. நேற்று அழுத இடத்தில் இன்றும் அழாவிட்டால் டிக்கெட் வாங்கியவனுக்கு என்ன பதில் சொல்வது? ஹேவோனுக்கு அதில் கர்வம்கூட உண்டு. ஆனால் கமராவின் குட்டித் திரையில் பார்த்தபோது அவளுக்கே தெரிந்தது: சரியாகத்தான் இருக்கிறது, உயிர்தான் இல்லை. "இதுவே போதும், அனுப்பிவிடுங்கள்," என்றாள். நிரோஜினி தேத்தண்ணி போட உள்ளே போனாள். கஜன் கமராவைப் பழையபடி தாங்கியில் பொருத்தினார்.

அப்போது ஹேவோன் நாற்காலியை விட்டு எழாமலே மகளுக்குப் போன் போட்டாள். தகப்பன் எடுத்தான்.

"ஜியு தூங்கிவிட்டாள்," என்றான்.

இங்கே காலை பதினொரு மணி. அங்கே மாலை ஆறு. எந்தக் குழந்தை மாலை ஆறு மணிக்குத் தூங்கும்? பின்னால் தொலைக்காட்சிச் சத்தமும், ஒரு குழந்தை மூச்சைப் பிடித்துக்கொண்டு நிற்கும் அமைதியும் கேட்டன.

"அப்படியா," என்றாள் ஹேவோன். "எழுப்ப வேண்டாம். போர்வையை உதைத்துவிடுவாள், பார்த்துக்கொள்."

போனை மடியில் வைத்தாள். யாரிடமோ "சரி" என்றாள். கண்ணீர் வரவில்லை. அவ்வளவுதான்.

கமரா ஓடிக்கொண்டிருந்தது.

4

உங்களுக்கு ஒரு சந்தேகம் வரலாம். கஜனுக்கும் கொரிய மொழி தெரியாது, எனக்கும் தெரியாது. போனில் பேசியது எப்படித் தெரிந்தது? ஹேவோனே பிற்பாடு நிரோஜினியிடம் சொன்னாள். மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்ற குழந்தை மட்டும் என் கைச்சரக்கு. அதை எடுத்துவிடலாமா என்று பார்த்தேன். மனம் வரவில்லை.

இப்போது கஜன். இவரை என்ன செய்வதென்று எனக்கு விளங்கவில்லை.

[கஜன், முதல் பிரதி: "அவன் கண்களில் ஒரு வேட்டைக்காரனின் மினு" — வேண்டாம். என் படத்தை இரண்டாம் தடவை சும்மா எடுத்துக் கொடுத்த மனிதர்.]

[கஜன், இரண்டாம் பிரதி: ஒன்றுமறியாத அப்பாவி. இதுவும் வேண்டாம். அன்றிரவு அவர் ஹேவோன் சொன்ன வீடியோவோடு இந்தப் போன் பேச்சுப் பதிவையும் சேர்த்து, படக்காரர்களுக்கு அவள் பெயரிலேயே அனுப்பியிருக்கிறார். அவளிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை.]

நேரிலேயே கேட்டேன். "நான் என்ன கண்டனான் அக்கா? அவ ஒத்திகை பாக்கிறா எண்டு நினைச்சன்," என்றார்.

"போன் கதைக்கிறது உங்களுக்குத் தெரியேல்லையோ?" என்று பின்னாலிருந்து நிரோஜினி பாய்ந்தாள்.

கஜன் லென்ஸைத் துணியால் துடைத்தார். அது ஏற்கெனவே பளபளவென்றுதான் இருந்தது.

"சரி கஜன், அதை அனுப்புனது எதுக்கு?"

"நல்லா வந்திருந்தது அக்கா."

கோபம் பொத்துக்கொண்டு வந்தது எனக்கு. வீட்டுக்குப் போய் மேசையில் உட்கார்ந்ததும் அடங்கிவிட்டது. நான் இதை எழுதிக்கொண்டிருப்பதற்கும் அவர் சொன்ன அந்தக் காரணத்தைத் தவிர வேறு காரணம் கிடையாது.

5

வீடியோ போன மூன்றாம் நாள் பகல், ஹேவோன் படியில் தடதடவென்று இறங்கி வந்து நிரோஜினியைக் கட்டிக்கொண்டாள்.

"நாளைக் காலை நேரில் வரச் சொல்கிறார்கள்! இயக்குநரே இருப்பாராம். இரண்டாவது வீடியோ அவருக்கு மிகவும் பிடித்துவிட்டதாம்."

சொல்லி முடித்த பிறகுதான் அவளுக்கே அது காதில் விழுந்தது. கட்டியிருந்த கைகள் தளர்ந்தன.

"இரண்டாவது எது?"

நிரோஜினி கஜனைப் பார்த்தாள். கஜன் கம்ப்யூட்டரைப் பார்த்தார்.

"காட்டுங்கள்," என்றாள் ஹேவோன்.

காட்டினார். திரையில் ஒரு பெண் போனில் பேசினாள், மடியில் வைத்தாள், "சரி" என்றாள். பொய் என்று தெரிந்தே பொய்க்குப் போர்வை போர்த்திவிட்ட அந்த முகத்தை ஹேவோன் இதுவரை பார்த்ததே இல்லை. கண்ணாடி முன்னால் எத்தனையோ வருஷம் பழகியும் வராத முகம். அழகாக இருந்தது என்பதுதான் அவளுக்குத் தாங்கவில்லை. அவமானத்தில் காது மடல் சுட்டது.

"இதை நான் உங்களுக்குத் தரவில்லை," என்றாள்.

"பிழைதான். இப்பவே அழிச்சுவிடுறன்," கஜன் கையை நீட்டினார்.

"அழிக்காதீர்கள்!"

தெருவில் போனவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். அவளுடைய அரங்கக் குரல் அது. பிறகு மெதுவாகச் சொன்னாள்: "நாளைக்கு என்னிடம் இதைத்தான் கேட்பார்கள். இது எனக்குத் தெரியாது. படிக்க வேண்டும்."

6

நாற்காலி மறுபடி நடுவுக்கு வந்தது. ஹேவோன் அந்த வீடியோவை நிறுத்தி நிறுத்திப் பார்த்தாள். "மூச்சு இங்கே நிற்கிறது." "இடது தோள் இறங்குகிறது, வலது இறங்கவில்லை." "போர்வை என்ற சொல்லுக்கு முன்னால் நாக்கால் உதட்டைத் தொடுகிறேன்." யாரோ ஒருத்தியின் நாட்டியத்தைப் பார்த்துப் படிப்பதுபோல் படித்தாள்.

பிறகு நடித்தாள். பெரிதாக வந்தது. குறைத்தாள். இன்னும் குறைத்தாள். ஆறாவதோ ஏழாவதோ தடவையில் தோள் சரியாக இறங்கியது. அந்த முகம் வந்துவிட்டது. அச்சு அசல்.

"காணும், நிப்பாட்டுங்கோ!" நிரோஜினி கத்திவிட்டாள். "உங்கட பிள்ளையின்ரை கதையெல்லோ இது! திருப்பித் திருப்பி எப்பிடிச் செய்யிறியள்? விடுங்கோ, இந்தப் படம் வேண்டாம்!"

"எடுத்தது உங்கள் கணவர்," என்றாள் ஹேவோன். "இதை வைத்துப் பிழைப்பதாவது நானாக இருக்கக்கூடாதா?"

இந்த இடத்தில் நான் பேனாவை வைத்துவிட்டு எழுந்து போய்ப் பாத்திரம் கழுவினேன்.*

"கமராவைப் போடுங்கள். இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்க வேண்டும்," என்றாள் ஹேவோன். கஜன் போட்டார். அவள் போனைக் காதில் வைத்து, இல்லாத கணவனிடம் "அப்படியா" என்றாள். எழுப்ப வேண்டாம் என்றாள். போனை மடியில் இறக்கினாள்.

அது அடித்தது.

ஜியுவின் தகப்பனுடைய எண். அந்த எண்ணிலிருந்து அவளுக்கு அழைப்பு வருவதே இல்லை. எப்போதும் அவள்தான் கூப்பிடுவாள். அங்கே இரவு ஒன்பதாகியிருக்கும். மகள் பேசப்போகிறாளா? மகளுக்கு ஏதாவது ஆகிவிட்டதா? ஹேவோன் போனைப் பார்த்தாள். பிறகு நிமிர்ந்து லென்ஸைப் பார்த்தாள். கஜனின் விரல் பொத்தானுக்குப் பக்கத்தில் நின்றது.

[* கழுவிய பாத்திரங்களைப் பற்றி யாரும் கேட்கவில்லை என்பது தெரியும்.]

7

நிரோஜினி இத்தோடு நிறுத்திவிட்டாள். எனவே நானே முடிக்கப் பார்த்தேன்.

முடிவு அ: அவள் எடுக்கவில்லை. அடிக்கிற போனை மடியில் வைத்துக்கொண்டே அந்த "சரி"யைச் சொன்னாள். இதுவரை வந்ததிலேயே அதுதான் சிறந்தது. பாத்திரம் அவளுக்கே கிடைத்தது. எழுதி முடித்த அன்று முழுக்க எனக்கு என்னைப் பிடிக்கவில்லை.

முடிவு ஆ: எடுத்தாள். "அம்மா, எப்போது வருவாய்?" என்றது குழந்தை. ஹேவோன் எல்லாவற்றையும் உதறிவிட்டு விமான நிலையத்துக்கு ஓடினாள். ஆரெலி படித்துவிட்டு, "மமாம், நான் பார்க்கிற தொடரே பரவாயில்லை," என்று பிரெஞ்சில் சொன்னாள்.

முடிவு இ: எடுத்தாள், பேசினாள், பேசும்போதே இடது தோள் இறங்குவதைத் தானே கவனித்தாள், கமராவும் ஓடிக்கொண்

இதை முடிக்கும் தைரியம் எனக்கு இல்லை. ஸ்டூடியோவுக்கே போனேன்.

"சொல்லும்மா. எடுத்தாங்களா, இல்லையா? கஜன் கமராவை நிறுத்துனாரா?"

"எனக்குத் தெரியும் அக்கா," என்றாள் நிரோஜினி. "சொல்லமாட்டன்."

"கதைக்குத்தானே கேக்கறேன். பேரை வேணா மாத்திடறேன்."

"பேரை மாத்தினா? அதுக்கங்காலை நடந்தது அவவின்ரை சொந்த விசயம். ஒருக்கா நாங்கள் எடுத்து அனுப்பினது காணும்."

கெஞ்சிப் பார்த்தேன். கோபித்தும் பார்த்தேன். அவள் அசையவில்லை. சாமத்தியவீட்டு அல்பம் ஒன்றை எடுத்து ஒட்ட ஆரம்பித்துவிட்டாள்.

ஆகவே போன் இன்னும் அடித்துக்கொண்டிருக்கிறது. ஹேவோன் நிமிர்ந்து பார்க்கிறாள். கஜனை மட்டுமல்ல, நம்மையும்தான். அந்தப் பார்வையை வைத்து இரண்டு பக்கம் எழுதலாம், நன்றாகவே வரும். நான் எழுதவில்லை. எழுந்து வெளியே வந்துவிட்டேன்.

நீங்கள் இன்னும் உள்ளே நிற்கிறீர்கள். நிற்க வேண்டுமானால் நில்லுங்கள், தடுக்க நான் யார்? வருவதென்றால், வரும்போது கதவைச் சாத்திவிட்டு வாருங்கள்.