கட்டுப்பாட்டில் இருந்த தீ

தீக்காயத்தோடு ஒருவர் எங்கள் ஆஸ்பத்திரிக்கு வந்தால், அவர் பதிவில் நான் இரண்டு குறியீடுகள் போட வேண்டும். எந்த உறுப்பு வெந்தது என்பதற்கு ஒன்று, எந்தத் தீ சுட்டது என்பதற்கு ஒன்று. முதலாவதற்கான விவரத்தை டாக்டர் எழுதிவிடுவார். இரண்டாவதற்கானதை யாரும் எழுதுவதில்லை, சில சமயம் காயத்துக்குச் சம்பந்தமில்லாதவர்கள் வந்து சொல்வார்கள்.

அன்று வந்தவர் கரும்புத் தோட்டத்தின் பாதுகாப்பு அதிகாரி ஹம்வீனே.

"லுயாண்டோ அம்மா, சௌக்கியமா? பிள்ளைங்க சௌக்கியமா? மாடுங்க?"

எனக்கு மாடே கிடையாது. "எல்லாம் சௌக்கியம்" என்றேன்.

"அந்த வெட்டாள் சிமூக்கா கேஸு. எக்ஸ் 03-ன்னு போட்டுடுங்க. உங்களுக்கும் வேலை மிச்சம்."

என் குறியீட்டுப் புத்தகத்தை யாரோ எனக்கு முன்பே படித்திருக்கிறார்கள். கட்டடத்துக்கு வெளியே, கட்டுப்பாடு இல்லாத தீ என்றால் எக்ஸ் 01. வெளியேதான், ஆனால் கட்டுப்பாட்டில் இருந்த தீ என்றால் எக்ஸ் 03. அதாவது தீ தன் இடத்திலேயே இருந்தது, மனிதன்தான் போய் விழுந்தான். தோட்டத்தில் இதற்கு ஒரே அர்த்தம்: விதியை மீறி நுழைந்தவன். வேலை போகும், வேலையோடு தோட்டம் கொடுத்த வீடும் போகும். அந்த வீட்டில் சிமூக்காவின் நான்கு பிள்ளைகள் இருக்கிறார்கள்.

"வெட்டுறதுக்கு முன்னாடி காஞ்ச கரும்புச் சோகையை எரிச்சோம். இதோ அனுமதிச் சீட்டு. தண்ணி லாரி நின்னுச்சு, சங்கு ஊதினோம். இதுக்கு மேல என்ன கட்டுப்பாடு வேணும்?"

"அப்புறம் கால் எப்படி வெந்துச்சு?"

"அவன் கட்டுப்பாட்டுல இல்லையே!"

என் ஊகத்தை நான் குறியீடாக்கக் கூடாது. அவருடையதையும் கூடாது. மருத்துவக் குறிப்பில் இருப்பதை மட்டுமே ஆக்கலாம். தீயைப் பற்றி டாக்டர் மூங்கா எழுதியிருந்தது ஒரே வார்த்தை: தீக்காயம். டாக்டரை அழைத்துக்கொண்டு வார்டுக்குப் போனேன்.

சிமூக்காவின் இரண்டு கால்களிலும் முழங்கால்வரை கட்டுப் போட்டிருந்தது.

"தீ வரும்போது எங்க இருந்தீங்க?"

"பதினஞ்சாம் பிரிவுல உட்கார்ந்து சாப்பிட்டுக்கிட்டிருந்தேன், அம்மா. எரிச்சது பதினாலாம் பிரிவு. நடுவுல இருந்த பாதையைத் தாண்டி வந்துச்சு. நான் ஒண்ணும் வெத்தலை பாக்கு வெச்சு அதை அழைக்கல."

"இதை எழுதுங்க டாக்டர்" என்றேன்.

"நான் பார்க்கலையே?"

"வயித்து வலியையும்தான் நீங்க பார்க்கிறதில்ல. எழுதலையா?"

எழுதினார்.

திரும்பி வந்து ஹம்வீனேயின் சீட்டை விரித்தேன். "இதுல பதினாலுதான் இருக்கு. பதினஞ்சு எங்க?"

"பக்கத்துலதானே இருக்கு?"

"தீக்கும் அப்படித்தான் தோணியிருக்கு."

அவர் குரலைத் தாழ்த்தினார். "சரி, 09 போடுங்க. யாருக்கும் வம்பில்ல."

எக்ஸ் 09, விவரம் தெரியாத தீ. எங்கள் தொழிலின் குப்பைக்கூடை அது. நாட்டில் பாதித் தீ அதற்குள்தான் கிடக்கிறதோ என்று எனக்கு ஒரு சந்தேகம். விவரம் சொல்ல ஆளே இல்லாதபோது போட வேண்டியது. இங்கேயோ விவரம் தெரிந்தவர்கள் ஒரு கூட்டமே இருந்தார்கள், அதில் ஒருவர் என் எதிரில் உட்கார்ந்து வியர்த்துக்கொண்டிருந்தார்.

எக்ஸ் 01 என்று எழுதினேன். நான்காவது இடத்தில், சம்பவம் நடந்த இடத்துக்காக, ஏழு: விவசாய நிலம்.

"ஒரு நம்பர்தானே, லுயாண்டோ அம்மா" என்றார்.

"அதுக்காகத்தானே இவ்வளவு தூரம் வந்தீங்க?"

பதினைந்து நாள் கழித்து, விபத்தை விசாரித்த குழு பதிவின் நகலை வாங்கிப்போனது. சிமூக்காவின் வேலை நிலைத்தது, வீடும் நிலைத்தது. ஆனால் தீ எல்லை மீறியதைத் தோட்டம் சும்மா விட்டுவிடவில்லை. உடனே நடவடிக்கை எடுத்தது. இப்போது ஒவ்வொரு பிரிவின் முனையிலும் புத்தம்புதிய பலகை நிற்கிறது: சோகை எரிக்கும் நாளில், எரிக்காத பிரிவில் அமர்ந்து உண்ணத் தடை.