முன்னறைக்கு ஒரு தடை உத்தரவு

ஓரகத்திகள் இருவருமே தையல்காரிகள். ஒரே வீடு, ஒரே வாசல். ஆனால் தெருவைப் பார்த்த முன்னறை இளையவளுக்கு. சமையலறைக்குப் பின்னாலிருந்த இருட்டறை மூத்தவளுக்கு. முன்னறையில் எந்நேரமும் பெண்கள் கூட்டம், சிரிப்பு. அதைக் கேட்டுக் கேட்டு எட்டு வருஷமாக மூத்தவளுக்கு வயிறு எரிந்தது. இத்தனைக்கும் இளையவளுக்கு ஒழுங்காகப் பட்டன் காஜா எடுக்கக்கூட வராது.

அந்த அறை தன் புருஷனின் பங்கு என்று மூத்தவள் வழக்குப் போட்டாள். சம்மன் கொண்டுவந்த கோர்ட் ஊழியர், இளையவள் வீட்டில் இல்லாததால் அதை வாசல் கதவில் ஒட்டிவிட்டுப் போனார். பசை காயுமுன் மூத்தவள் உரித்தெடுத்துவிட்டாள். கிழித்துப் போட்டிருக்கலாம். ஆனால் கெட்டிக் காகிதத்தை எந்தத் தையல்காரிக்கு வீச மனசு வரும்? இளையவள் தைத்த சட்டை ஒன்றைத் திருட்டுத்தனமாக விரித்து, ஊரே மெச்சும் அந்தக் கழுத்து வளைவுக்குச் சம்மனிலேயே அச்சு வெட்டிக்கொண்டாள்.

இளையவள் கோர்ட்டுக்கு வராததால் தீர்ப்பு மூத்தவள் பக்கம் ஆனது. வியாழக்கிழமை கோர்ட் அமீனா வந்து அறையைக் காலி செய்து கொடுப்பார். விஷயம் தெரிந்த இளையவள் அலறியடித்துக்கொண்டு மனுப் போட்டாள்: தீர்ப்பை ரத்து செய்யவேண்டும், அதுவரை அமீனாவை நிறுத்திவைக்க வேண்டும்.

புதன்கிழமை விசாரணை. இளையவளுக்காக அவளுடைய வக்கீலம்மாவும் ஒன்பது வாடிக்கைக்காரிகளும் வந்திருந்தார்கள். மூத்தவளுக்காக அவளுடைய வக்கீல் மட்டும், அவரும் கொட்டாவி விட்டபடி.

"நிறுத்திவைக்க எனக்கு அதிகாரம் இருக்கும்மா," என்றார் நீதிபதி. "ஆனா நீங்க வராததுக்குச் சரியான காரணம் வேணும். கதவுல ஒட்டின பேப்பர் கண்ணுல படாமலா போச்சு?"

"சத்தியமா பாக்கலைங்கய்யா," என்றாள் இளையவள். "வீட்ல எங்க அக்காதான் இருந்தாங்க. அவங்க பாத்திருந்தா கண்டிப்பா என் கையில குடுத்திருப்பாங்க. வழக்கு வேற, மனசு வேற. அவங்க தங்கமானவங்க."

பின்னால் ஒன்பது பேரும் உச்சுக் கொட்டினார்கள். எவ்வளவு பெரிய மனசு என்று ஒருத்தி முணுமுணுத்தது மூத்தவள் காதில் விழுந்தது. அறைதான் அவளுக்கு, கூட்டம்தான் அவளுக்கு. இப்போது பெரிய மனசும் அவளுக்கேயா? மூத்தவளால் பொறுக்க முடியவில்லை. எழுந்துவிட்டாள்.

"நான் ஒண்ணும் தங்கம் இல்லைங்கய்யா! நான்தான் உரிச்சேன். கழுத்து அச்சு வெட்டி வச்சிருக்கேன், வேணும்னா கொண்டாந்து காட்டறேன்!"

அவளுடைய வக்கீல் தலையில் கைவைத்துக்கொண்டார். மறு உத்தரவு வரும்வரை யாரும் அறையைத் தொடக்கூடாது என்று நீதிபதி எழுதிக் கையெழுத்திட்டார்.

வெளியே படிக்கட்டில் இளையவள் அவளைப் பிடித்து நிறுத்தினாள். "ஏங்க்கா ஒத்துக்கிட்டீங்க?"

"நீ என்னை அவ்வளவு நம்பறேன்னு எல்லார் முன்னாடியும் சொன்னியே. அதைத்தான் தாங்க முடியல."

இளையவள் செருப்பைப் பார்த்தாள். "நான் எங்கே நம்பினேன்க்கா? நீங்கதான் எடுத்திருப்பீங்கன்னு தெரியும். அப்படிப் புகழ்ந்து பேசினா நீங்களே எழுந்து சொல்லிடுவீங்கன்னு எங்க வக்கீலம்மாதான் சொல்லிக் குடுத்தாங்க."

மூத்தவள் திரும்பிப் பார்த்தாள். ஒன்பது பேருக்கு நடுவில் அந்த வக்கீலம்மா சிரித்துக்கொண்டு நின்றாள். இவளுக்கு மட்டும் எங்கிருந்துதான் இப்படிப்பட்ட வக்கீல் கிடைக்கிறாளோ என்று மூத்தவளுக்கு வயிறு மறுபடி எரியத் தொடங்கியது.