அப்பாவின் தாகம்

ஊமைப் படத்தில் நடித்தவர்களுக்கு வீட்டிலும் குரல் வராது. வாய் அசையும், அவ்வளவுதான். பக்கத்தில் ஒருவர் நின்று விளக்கம் சொல்ல வேண்டும். திண்டுக்கல் டெண்ட் கொட்டகையில் திரை ஓரம் நின்று கதை சொல்வது என் பிழைப்பு. அதனால் வீட்டிலும் அப்பாவுக்கு நானே விளக்கம் சொன்னேன்.

அப்பா பட்டணத்தில் ஒன்பது வருடம் நடித்தார். ஒருமுறைகூட எங்களை வந்து பார்க்கவில்லை. ஒரு படத்தில் யாரோ பெற்ற பிள்ளையைத் தோளில் வைத்துக்கொண்டு இடுப்பளவு ஆற்றைக் கடப்பார். என்னை அவர் ஒருநாளும் தூக்கியதில்லை. அந்தக் காட்சிக்குத் தினம் இரண்டு ஆட்டம் உருகி உருகி விளக்கம் சொன்னவன் நான். வயிறு எரியும்.

ஊருக்குத் திரும்பிய அன்று, சாப்பிடும்போது என்னைப் பார்த்து வாயசைத்தார்.

"என்னடா சொல்றாரு உங்கப்பா?" என்றாள் அம்மா.

என்னை மன்னித்துவிடு என்றுதான் சொன்னார். உதட்டைப் படிப்பதில் நான் தப்பு செய்வதில்லை.

"தண்ணி கேக்குறாரு" என்றேன்.

அம்மா சொம்பை நீட்டினாள். அப்பா என்னையே பார்த்தபடி குடித்தார். மறுநாளும் கேட்டார், மறுநாளும் குடித்தார். விளக்கக்காரன் சொன்னதை நடிகர் மறுக்கக் கூடாது, அது தொழில்முறை. "இந்த மனுசனுக்கு அப்படி என்ன தாகமோ" என்று அம்மா பெரிய சொம்பாக ஒன்று வாங்கினாள். நாளைக்குச் சரியாகச் சொல்லிவிடலாம் என்று நானும் தள்ளிப்போட்டேன். ஆவணியில் படுத்தவர் எழுந்திருக்கவில்லை. கடைசியாக வாய் அசைந்தபோதும், பாவி நான், தண்ணீர் என்றே சொன்னேன். அம்மா ஊற்றினாள்.

காரியமெல்லாம் முடிந்து கொட்டகைக்குப் போனேன். அதே படம். அம்மாவும் வந்து தரை டிக்கெட்டில் முன்னால் உட்கார்ந்திருந்தாள். நடு ஆற்றில் அப்பா நின்றுவிட்டார். தோளில் பையனோடு என் பக்கம் திரும்பி வாயசைத்தார்.

"என்னை மன்னிச்சிடுப்பான்னு கேக்குறாரு" என்று உரக்கச் சொன்னேன். "மன்னிச்சிட்டேன்பா."

திரைக்குள் இருப்பவர்களுக்குக் காது கேட்காது.

"அவரு வாய் எனக்குத் தெரியாதா? தண்ணிக்குத்தான் கேக்குறாரு" என்று அம்மா எழுந்தாள். கையோடு கொண்டுவந்திருந்த பெரிய சொம்பின் விளிம்பை முந்தானையால் துடைத்துத் திரையருகே நீட்டினாள்.

இடுப்பளவு தண்ணீரில் நின்றபடி அப்பா அதை வாங்கிக் குடித்தார். தோளில் இருந்த பையனுக்கும் கொஞ்சம் கொடுத்தார். காலிச் சொம்பை அம்மா என்னிடம் தந்தாள். கொட்டகைக்குப் பின்னால் இருந்த தொட்டியில் நிரப்பிக்கொண்டு வந்தேன். அடுத்த ஆட்டத்திலும் கேட்பார்.