மருதாசலம் நிறுத்திய வண்டி

1971 டிசம்பர், போர் தொடங்கி ஐந்தாம் நாள். சூரமங்கலத்துக்குப் பக்கத்து கூட்ஸ் யார்டில் போர்முனைக்குக் குண்டுகள் ஏற்றி நின்ற கூட்ஸ் வண்டி கிளம்ப இருபது நிமிடம்தான் இருந்தது. விரிசல் இருக்கிறதா என்று சக்கரங்களைச் சுத்தியலால் தட்டிக்கொண்டே வந்த கலாசித் தொழிலாளி மருதாசலம் பதினோராவது வேகனில் நின்றுவிட்டார். நல்ல சக்கரம் கணீரென்று பேசும். இது செத்த சத்தம் போட்டது.

போன வாரம்தான் இதே சத்தத்துக்கு ஒரு கூட்ஸை நிறுத்தினார். கடைசியில் பார்த்தால் பிரேக் கட்டை சக்கரத்தில் ஒட்டிக்கொண்டு சத்தத்தை அமுக்கியிருந்தது. யார்டே கைகொட்டிச் சிரித்தது. இன்னொரு தடவை இப்படி ஆனால் வேலை இல்லை என்று யார்டு மாஸ்டர் எழுதியே கொடுத்துவிட்டார். வீட்டில் நான்கு வயிறு அந்த வேலையை நம்பியிருந்தது.

இந்தத் தடவை பிரேக்கைத் தளர்த்திவிட்டுத் தட்டினார். அதே சத்தம். மனுஷன் ஓடிப்போய், எஞ்சினுக்கு முன்னால் சிவப்புக் கொடியை நட்டார். நட்டவன் கையாலேயே கொடியை எடுக்க வேண்டும், அதுவரை வண்டி அசையக் கூடாது என்பது யார்டின் சட்டம்.

வயதில் சின்னவரான யார்டு மாஸ்டர் பறந்து வந்தார். “மறுபடியும் ஆரம்பிச்சிட்டியா? கொடியை எடுய்யா.”

“எடுக்க மாட்டனுங்க. பத்து நிமிசம் குடுங்க.”

யார்டு மாஸ்டர் டிரைவர் மாதையனிடம் திரும்பினார். “நீ எடுத்துப் போட்டுட்டுக் கிளப்பு.”

“அவரு வெச்ச கொடிங்க. நான் தொட மாட்டனுங்க,” என்றார் மாதையன்.

மருதாசலம் சக்கரத்தில் மண்ணெண்ணெய் பூசி, துடைத்து, மேலே சாக்கட்டியைத் தேய்த்தார். விரிசல் இருந்தால் உள்ளே போன எண்ணெய் கசிந்து வெள்ளையில் கோடு விழும். ஐந்து நிமிடம் போயிற்று. கோட்டைக் காணோம். குண்டுகளோடு வந்த பட்டாளத்து அதிகாரி பல்லைக் கடித்தார். ஒன்பதாவது நிமிடம் வெள்ளைக்குள் மயிரிழை அளவுக்குக் கறுப்புத் தெரிந்தது. பார்க்கப் பார்க்க அது ஒரு சாண் நீளத்துக்கு ஓடியது.

யார்டு மாஸ்டர் குனிந்து அந்தக் கோட்டைப் பார்த்தார். வேகனைக் கழற்ற வண்டி நகர வேண்டுமே என்று மருதாசலம் போய்க் கொடியை எடுத்தார். அப்புறம் யார்டு பிடித்த வேகத்தைப் பார்த்திருக்க வேண்டும். அந்த வேகனைக் கழற்றி ஒதுக்கி, குண்டுப் பெட்டிகளை வேறு வேகனுக்குக் கைமாற்றினார்கள். போன வாரம் சிரித்தவர்கள்தான் முன்னால் நின்றார்கள். யார்டு மாஸ்டரும் சட்டையைக் கழற்றிப் போட்டுவிட்டுத் தோள் கொடுத்தார். ஒன்றேகால் மணி நேரத்தில் வேலை முடிந்தது.

அதிகாரி கிளம்பச் சொல்லிக் கையை ஆட்டினார்.

“கொஞ்சம் பொறுங்க,” என்ற யார்டு மாஸ்டர், மருதாசலத்திடம் வந்தார். “அண்ணா, எல்லாச் சக்கரத்தையும் இன்னொருக்கா தட்டிப் பாத்துருங்க. நீங்க சரின்னு சொன்னாத்தான் வண்டி போகும்.”

மருதாசலத்துக்கு நெஞ்சு நிறைந்துபோயிற்று. சுத்தியலைத் தோளில் போட்டுக்கொண்டு, அவசரமே இல்லாமல் முதல் சக்கரத்துக்கு நடந்தார்.