பதிவில் இல்லாத பெயர்

"நான் எப்ப பேசணும், தம்பி?" என்று கேட்டாள் நோவேத்து.

"நீங்க பேச வேண்டாம்மா. இது ஜாமீன் அப்பீல், இங்க யாரும் சாட்சி சொல்றதில்ல. கீழ்க் கோர்ட்டுல பேசினதை டைப் அடிச்சிருக்காங்கல்ல, அந்தக் காகிதம்தான் இங்க பேசும்" என்றான் வக்கீல் மபாண்ட்லா. வசதியில்லாதவர்களுக்கு அரசாங்கம் இலவசமாகக் கொடுக்கும் வக்கீல். சட்டைக் காலர் நைந்திருந்தது.

பேசத்தான் காலை நாலு மணிக்கே வேன் பிடித்து வந்திருந்தாள். பெஞ்சில் உட்கார்ந்து நகக்கண்ணிலிருந்த களிமண்ணை நோண்டினாள். இருபத்தொரு வருஷம் செங்கல் சூளையில் கிடந்தவள் கையிலிருந்து அது எந்த சோப்புக்கும் போவதில்லை.

மகன் லூவோ நாலு மாதமாக உள்ளே இருக்கிறான். கடையில் கொள்ளை, காவலாளி கொலை. நான் வெளியேதான் நின்றேன் என்கிறான். உண்மையா என்று அவள் கேட்டதில்லை, கேட்கப் பயம். இந்த மாதிரி வழக்கில் தன்னை ஏன் விட வேண்டும் என்று ஜாமீன் கேட்பவன்தான் காட்ட வேண்டும். சாட்சிகள் எல்லாம் அவர்கள் தெருவிலேயே குடியிருப்பவர்கள். அவர்களை மிரட்டுவான் என்ற பேச்சு வராமலிருக்க, மலைக் கிராமத்தில் தாத்தா வீட்டில் போய் இருப்பான் என்று கீழ்க் கோர்ட்டில் சொல்லியிருந்தார்கள். அதற்குச் சாட்சி நோவேத்து.

"அந்த வீடு யார் பேர்ல இருக்கு?" என்று அன்றைக்குக் கூண்டில் அவளைக் கேட்டார் எதிர்த்தரப்பு அரசு வக்கீல்.

"அவன் தாத்தா பேர்ல."

"தாத்தா பேர் என்ன?"

அங்கேதான் அவள் வாய் அடைத்தது. கோசா இனத்து வீட்டுக்கு வாழ வந்தவள் மாமனார் பெயரை நாவில் எடுக்கமாட்டாள். அந்த மனுஷர் செத்து ஒன்பது வருஷம். அவள் புருஷனும் பின்னாலேயே போய்ச் சேர்ந்தான். வீட்டை யாரும் பெயர் மாற்றவில்லை. இருபத்தாறு வருஷமாகச் சொல்லாத பெயரை மூன்று முறை கேட்டார்கள். "அந்த வீட்டுப் பெரியவர்" என்றாள், "என் புருஷனைப் பெத்தவர்" என்றாள். மாஜிஸ்திரேட் வேறு ஊர்க்காரர், இந்த வழக்கம் தெரியாதவர். சாட்சி மழுப்புகிறார், முகவரியை நம்ப முடியாது என்று எழுதி ஜாமீனை மறுத்துவிட்டார். அன்றைக்கு வந்திருந்த வேறொரு வக்கீல் அடுத்த வழக்கின் காகிதக் கட்டைப் புரட்டிக்கொண்டிருந்தான். காரணத்தை எடுத்துச் சொல்ல ஆளில்லை.

பதினொன்றரைக்குக் கூப்பிட்டார்கள். நீதிபதி ஒரு அம்மாள், இந்தப் பக்கத்துக்காரர்தான். மபாண்ட்லா அந்த வழக்கத்தை விளக்க ஆரம்பித்ததும் கையைக் காட்டி நிறுத்தினார்.

"எனக்கும் மாமனார் உண்டு, மிஸ்டர் மபாண்ட்லா. இந்த அம்மா ஏன் வாயை மூடினாங்கன்னு எனக்குத் தெரியும். ஆனா எனக்குத் தெரிஞ்சது இந்தப் பதிவுல இல்லையே. பதிவை வச்சுப் பாத்தா கீழ மாஜிஸ்திரேட் செஞ்சதுல தப்பு எங்க?"

அப்பீல் தள்ளுபடியானது. புதிதாகச் சொல்ல ஏதாவது இருந்தால் கீழ்க் கோர்ட்டிலேயே மறுபடி கேட்டுக்கொள்ளலாம் என்றார்கள். கால் மணி நேரம்கூட ஆகவில்லை.

வராந்தாவில் மபாண்ட்லா சொன்னான்: "வியாழக்கிழமையே தேதி வாங்கிடலாம்மா. அந்த வீட்டைப் பத்தி கிராமத் தலைவர்கிட்ட கடிதம் வாங்கி வச்சிருக்கேன். ஆனா அரசு வக்கீல் உங்களை மறுபடி கூண்டுல ஏத்துவார். இந்தத் தடவையும் வாயை மூடினீங்கன்னா கடிதமும் பொய்னு ஆயிடும்."

"பேரைச் சொல்றதுக்கு முன்னாடி செத்துப்போன பெரியவங்ககிட்ட மன்னிப்பு கேக்கணும், தம்பி. அவங்களுக்குப் படைக்க பீர் காய்ச்சணும்."

"எத்தனை நாள் ஆகும்?"

"நாளைப் பத்தி இல்ல. அவங்க குடியிருக்கிற மாட்டுத் தொழுவத்துல நின்னு கேக்கறது ஆம்பளை. நான் அதுக்குள்ள கால் வைக்கக் கூடாது. அந்த வீட்டுல மிச்சமிருக்கிற ஒரே ஆம்பளை லூவோதான்."

அடுத்த கேஸுக்குக் கூப்பிட்டார்கள்.

"வியாழக்கிழமையே வாங்குங்க" என்றாள்.

மறுநாள் சூளையில் பச்சைச் செங்கலைப் புரட்டிப் போடும்போது, எதிர் வரிசையில் நின்ற தோபேக்காவிடம், வியாழக்கிழமை கூண்டில் அந்தப் பெயரைச் சொல்லப்போவதாகச் சொன்னாள்.

"மன்னிப்பு கேக்காமலேயேவா? பாட்டன் பூட்டன் சும்மா விடுவாங்களா, அக்கா?"

"விடலைன்னா என்னைத்தானே பிடிப்பாங்க. பிடிக்கட்டும். இங்க என்ன அள்ளி முடிஞ்சு வச்சிருக்கேன்?"

"உன் மகன் யோக்கியனா இருந்தா இந்தப் பாடு உண்டா?"

"யோக்கியனோ இல்லையோ, வெளிய வந்தா தொழுவத்துல நின்னு எனக்காகக் கேக்கட்டும். வரலைன்னா கேக்க ஆளில்ல, அவ்வளவுதான்."

மேஸ்திரி அந்த வரிசைக்கு வந்தான். "வியாழக்கிழமை வரமாட்டேன்யா" என்றாள் நோவேத்து.

"நேத்தும் வரல. நீ என்ன கோர்ட்டுலயா வேலை பாக்கற?" என்று சொல்லிவிட்டு அவன் அடுத்த வரிசைக்குப் போனான். வேண்டாம் என்று சொல்லவில்லை. அதுவே போதும்.

அவன் போனதும் தோபேக்கா குரலைத் தாழ்த்தினாள். "இப்ப ஒரு தடவை சொல்லிப் பாரு, அக்கா. அங்க போய் நாக்கு எழலைன்னா என்ன பண்ணுவ? நான் காதைப் பொத்திக்கறேன்."

"ஒரே தடவைதான்டி சொல்லுவேன். அதையும் இங்க செங்கல்கிட்ட சொல்லித் தீர்க்கச் சொல்றியா?" என்றாள் நோவேத்து. குனிந்து அடுத்த கல்லைப் புரட்டினாள். அடிப்பக்கம் இன்னும் ஈரமாகத்தான் இருந்தது.